நாலு துடுப்பு, ஆறு பங்கு

கணக்கு என்று வந்துவிட்டால் என் முன்னால் யாரும் நிற்க முடியாது. தற்பெருமை என்று நினைப்பவர்கள் தாராளமாக நினைத்துக்கொள்ளலாம். காந்தி வீதியில் ஒரு துணிக்கடையில் கணக்கு எழுதுகிறேன். பண்டிகைக் கூட்டத்தில் கம்ப்யூட்டர் படுத்துவிட்டால், முதலாளி அதைப் பழுது பார்க்கிறவனைக் கூப்பிடுவதற்கு முன்னால் "தீபலட்சுமி எங்க?" என்றுதான் கேட்பார். ஊரிலும் அப்படித்தான். காலாப்பட்டுக்குப் பக்கத்தில் கடலைப் பார்த்த ஊர் எங்களுடையது. சீட்டுக் கணக்கா, வட்டிக் கணக்கா, கல்யாண மொய்யா, எல்லாம் என் வாசலுக்குத்தான் வரும்.

அப்படிப்பட்ட என்னை ஒரு ஐந்தாம் வகுப்புக் கணக்கு மணலில் உட்கார வைத்துவிட்டது.

கணக்கு இதுதான். நான்கு பெண்கள் ஒரு படகுப் போட்டியில் கலந்துகொண்டு ஐம்பதாயிரம் ரூபாய் பரிசு வென்றார்கள். ஆளுக்கு எவ்வளவு? புத்தகத்தில் இருந்தால் பன்னிரண்டாயிரத்து ஐந்நூறு என்று எழுதிவிட்டு அடுத்த கணக்குக்குப் போய்விடலாம். புத்தகம் எழுதுகிறவர்களுக்கு என்ன, அவர்கள் படகு யாருடையது என்று சொல்லவே மாட்டார்கள். படகு வானத்திலிருந்து விழுந்த மாதிரி எழுதுவார்கள். எங்கள் படகு என் மாமனார் கன்னியப்பனுடையது. அவரிடமிருந்து ஒரு கயிற்றை இரவல் வாங்குவதே பெரும்பாடு.

மாசி மகத்தை ஒட்டி நடந்த போட்டி. பெண்களுக்குத் தனியாக வைத்தது இதுதான் முதல் தடவை. இஞ்சினைக் கழற்றிவிட்டு, ஃபைபர் போட்டைத் துடுப்பாலேயே வலித்துக்கொண்டு கடலில் மிதவையைச் சுற்றிவிட்டுக் கரைக்குத் திரும்ப வேண்டும். நான், பக்கத்து வீட்டு அக்கா தங்கச்சி சுவேதா, அபி, அப்புறம் வீராயிக்கா. நாலு பேரும் முப்பது நாள் பழகுவதாக ஏற்பாடு. எங்களில் வலிமை வீராயிக்காவுக்குத்தான். டவுன் மார்க்கெட்டில் மீன் விற்கிறவள். நாற்பது கிலோ கூடையைப் பூக்கூடை மாதிரித் தூக்கித் தலையில் வைப்பாள். அவள் ஒரு தடவை துடுப்பு போட்டால் படகு நாங்கள் மூன்று பேர் சேர்ந்து போட்ட தூரம் போகும்.

இருபத்து நாலாம் நாள் போட்டைத் தண்ணீரில் தள்ளும்போது ஓர் அலை திருப்பியடித்தது. வீராயிக்கா போட்டுக்கும் மணலுக்கும் நடுவில் விழுந்தாள். வலது மணிக்கட்டு எலும்பு முறிந்துவிட்டது. கோரிமேட்டு ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோய் மாவுக்கட்டுப் போட்டுக் கூட்டிவந்தோம். வழியெல்லாம் அவள் கையைப் பற்றிப் பேசவில்லை. "போட்டி போச்சேடி, போட்டி போச்சேடி" என்றுதான் புலம்பினாள்.

போட்டி போகவில்லை. என்னோடு கடையில் பில் போடுகிற லமீஸ் இருக்கிறாளே, அவளைக் கூட்டிவந்தேன். டவுனில் பிறந்து வளர்ந்த பெண். அவளுடைய அத்தா, அதாவது அப்பா, ஷஹாபுதீன் மூன்று பங்காளிகளோடு மசாலா சாமான் மொத்த வியாபாரம் செய்கிறவர். கல்லூரியில் என்.சி.சி. கடற்படைப் பிரிவில் துடுப்பு போட்டுப் பழகியவள் லமீஸ். முதல் நாள் எங்கள் கடல் அலையைப் பார்த்ததும் அவள் முகம் வெளுத்துவிட்டது. "தீபாக்கா, காலேஜில எங்களுக்குக் கழிமுகத்துலதான் பழக்கினாங்க, இது வேற மாதிரி இருக்குது" என்றாள். ஆனாலும் ஏறினாள். ஆறு நாள் பழகினாள். கை இரண்டும் கொப்புளம். போட்டியன்று ஒன்பது போட்டுகளை முந்திக்கொண்டு முதலில் கரை சேர்ந்தோம். எனக்கு அழுகை வந்துவிட்டது. எல்லோர் முன்னாலும் நின்று அழுதேன், வெட்கமே படவில்லை.

பரிசுப் பணம் என் அக்கவுண்டில் ஏறியது. மறுநாள் ஞாயிற்றுக்கிழமை, மத்தியானச் சாப்பாடு முடிந்து, மீன் ஏலம் விடுகிற கொட்டகையில் எல்லோரும் கூடினோம்.

இங்கே ஒன்றைச் சொல்லிவிடுகிறேன். எனக்கு ஃபிரிஜ் வாங்க ஆசை, சுவேதாவுக்கு ஒரு மோதிரத்தின் மேல் கண். அதெல்லாம் ஆசை. வீராயிக்காவுக்கு மட்டும்தான் தேவை. மார்க்கெட்டில் அவள் உட்காருகிற இடத்துக்கு வருஷ வாடகை எட்டாயிரம், திங்கட்கிழமை கடைசி நாள். கட்டாவிட்டால் அந்த இடம் வேறொருத்திக்குப் போய்விடும். உள்ளே, நிழலில், தண்ணீர்க் குழாய்க்குப் பக்கத்தில் இருக்கிற இடம். அதைப் பிடிப்பதற்கு அவள் எத்தனையோ வருஷம் வெளியே வெயிலில் உட்கார்ந்து விற்றாள். கை உடைந்ததிலிருந்து வியாபாரம் இல்லை, கையில் காசும் இல்லை. கடனாகத் தரட்டுமா என்று நான் கேட்டுப் பார்த்தேன். "கடன் வாங்கிப் பட்டதெல்லாம் போதும்டி, இன்னொரு தடவ என் வாயால அந்தப் பேச்சு வராது" என்று ஒரே வார்த்தையில் முடித்துவிட்டாள்.

ஆக, வீராயிக்கா கைக்கு எட்டாயிரம் போக வேண்டும், அதுவும் அவள் பங்காகப் போக வேண்டும். மனசுக்குள் முடிவு கட்டிக்கொண்டுதான் கொட்டகைக்குப் போனேன்.

மாமனார் முதலில் ஆரம்பித்தார். "எல்லாருக்கும் தெரிஞ்ச மொறதான். பாதி போட்டுக்கு, பாதி ஏறுன ஆளுங்களுக்கு."

எங்கள் ஊரில் மீன் விற்ற பணத்தை அப்படித்தான் பிரிப்பார்கள். டீசல் செலவைக் கழித்துவிட்டு, பாதி போட்டுக்காரருக்கு. மீதிப் பாதி கடலுக்குப் போன ஆட்களுக்கு, ஆளுக்கு ஒரு பங்கு. அந்தக் கணக்கில் போனால் எங்கள் துடுப்பு ஒன்றுக்கு ஆறாயிரத்து இருநூற்றைம்பதுதான்.

எனக்குச் சுர்ரென்று ஏறியது. மாமனார் என்றால் மரியாதை வேண்டும்தான், அதற்காகக் கணக்கை விட்டுக்கொடுக்க முடியுமா?

"மாமா, அந்தப் பாதி எதுக்குன்னு சொல்லுங்க" என்றேன்.

"எதுக்கா? போட்டுக்கு, இஞ்சினுக்கு, வலைக்கு."

"இஞ்சின் எங்க இருந்துச்சி?"

இஞ்சின் போட்டி முடிகிற வரைக்கும் கரையில் தார்ப்பாய்க்கு அடியில் கிடந்தது. அதற்குப் பக்கத்திலேயே நாற்காலி போட்டு உட்கார்ந்து காவல் காத்தவரே அவர்தான்.

"வல எங்க இருந்துச்சி? ஊட்டுக் கொடியில காஞ்சிச்சி. டீசல் ஒரு சொட்டு ஊத்துனீங்களா? வெறும் போட்டு ஓடு மட்டும்தான் மாமா தண்ணியில எறங்குச்சி. ஓட்டுக்கு ஒரு பங்கு எடுத்துக்கோங்க. அதுக்கு மேல ஒரு ரூபா வராது."

சுவேதா வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தாள். மாமனார் துண்டை உதறித் தோளில் போட்டார். கோபம் வந்தால் அப்படிச் செய்வார். ஆனால் நியாயம் என்று பட்டுவிட்டால் அதற்கு மேல் வளர்க்க மாட்டார், அந்தக் குணம் உண்டு.

"சரி. போட்டுக்கு ஒரு பங்கு. நாலு துடுப்புக்கு நாலு பங்கு. அஞ்சாப் பிரி."

ஐந்தாகப் பிரித்தால் பத்தாயிரம். அபிக்கு முகம் மலர்ந்துவிட்டது. நான் விடவில்லை. "வீராயிக்காவுக்கு மாமா?"

"அதான் நாலு துடுப்புன்னு சொன்னனே. அந்தம்மா துடுப்புலதான் இந்தப் பொண்ணு ஒக்காந்துச்சி. ஒரு துடுப்பு, ரெண்டு ஆளு. பாதிப் பாதி."

"நோவுன்னு கரையில படுத்துக் கெடக்கற ஆளுக்கு நீங்க முழுப் பங்கு குடுக்கறது இல்லையா?"

"குடுக்கறேன், யாரு இல்லன்னா? ஆனா அது பதில் ஆளு போடாதப்ப. பதில் ஆளு ஏறிட்டா அந்த ஒரு பங்க ரெண்டு பேரும் பிரிச்சிக்கணும். போய் எந்தப் போட்டுக்காரன வேணா கேளு."

கேட்கவே வேண்டாம். அவர் சொன்னது சரிதான், அதுதான் முறை. அந்த இடத்தில்தான் நான் மாட்டிக்கொண்டேன். பாதிப் பாதி என்றால் வீராயிக்காவுக்கு ஐயாயிரம். மூவாயிரம் குறைகிறது. ஏலக் கொட்டகைத் தூணில் சாய்ந்து உட்கார்ந்திருந்த வீராயிக்கா, மாவுக்கட்டுப் போட்ட கையை மடியில் வைத்துக்கொண்டு கடலைப் பார்த்துக்கொண்டிருந்தாள். சத்தம் போட்டே பழகிய பொம்பளை அப்படிச் சும்மா உட்கார்ந்திருந்ததைப் பார்க்க எனக்குத் தாங்கவில்லை.

அப்போது லமீஸ் வாயைத் திறந்தாள். "நான் ஒரு கணக்கு சொல்லலாமா?"

"சொல்லும்மா" என்றார் மாமனார். வெளியூர்ப் பெண்ணிடம் மட்டும் அவ்வளவு இனிமை.

"எங்க அத்தா யாவாரத்துல ஒரு பங்காளி நடுவுல விட்டுட்டுப் போயி, இன்னொருத்தர் வந்து சேந்தா, யாரு எத்தன மாசம் இருந்தாங்களோ அந்தக் கணக்குலதான் லாபத்தப் பிரிப்பாங்க. வீராயிக்கா இருவத்து நாலு நாளு பழகினாங்க. நான் ஆறே நாளு. அந்தப் பத்தாயிரத்த நாலுக்கு ஒண்ணாப் போட்டா, அக்காவுக்கு எட்டாயிரம், எனக்கு ரெண்டாயிரம்."

அடடா! சொன்னால் நம்ப மாட்டீர்கள், எனக்கு உடம்பெல்லாம் சிலிர்த்துவிட்டது. எட்டாயிரம்! ஒரு ரூபாய் கூடவில்லை, குறையவில்லை. போட்டுக்குப் பத்து, எனக்கும் சுவேதாவுக்கும் அபிக்கும் பத்துப் பத்து, அக்காவுக்கு எட்டு, இவளுக்கு இரண்டு. புத்தகத்துக் கணக்கு மாதிரி மீதியே இல்லாமல் போய் உட்கார்ந்தது.

"முடிஞ்சிது!" என்று கையைத் தட்டினேன். "இதாண்டி கணக்கு! இத யாரும் அசைக்க முடியாது." அபி லமீஸைக் கட்டிப் பிடித்துக்கொண்டாள். மாமனார்கூடத் தலையாட்டினார். நான் போனை எடுத்துப் பணம் அனுப்பத் தயாராகிவிட்டேன்.

"எனக்கு வேணாம்" என்றாள் வீராயிக்கா.

எல்லோரும் திரும்பினோம்.

"என்னாக்கா வேணாம்?"

"எட்டாயிரம் வேணாம். அந்தப் பொண்ணு பங்குல நான் கை வெக்க மாட்டேன்."

எனக்கு வந்த ஆத்திரத்துக்கு அளவே இல்லை. "யக்கா, உனக்குப் புத்தி கித்தி கெட்டுப் போச்சா? நாளைக்குத் திங்கக்கெழம. எடம் போயிடும். அவளே மனசாரக் குடுக்கறா, அதுவும் சும்மாக் குடுக்கல, கணக்குப் போட்டுக் குடுக்கறா. அவுங்க ஊட்டு மொறப்படி அது உன் பங்குதான்!"

"அவுங்க யாவாரத்துல தெனம் லாபம் வருது, தெனக் கணக்குப் போடறாங்க. நமக்கு இருவத்து நாலு நாளும் ஒரு ரூபா வந்துச்சா? வந்தது ஒரே நாளு. அந்த நாள்ல போட்டுல யாரு இருந்தா?" வீராயிக்கா எழுந்து நின்றாள். "அன்னிக்கு நான் கரையில நின்னு பாத்துனு இருந்தேன்டி. மொத அலையில போட்டு செங்குத்தா நின்னுச்சி. நமக்கெல்லாம் அது பொறந்ததுலருந்து பாத்த அலை. அந்தப் பொண்ணுக்கு? பயத்துல கண்ண மூடிக்கினு துடுப்பு போட்டுச்சி, ஆனா ஒரு வீச்சுக்கூட நிறுத்தல. அது ஏறலன்னா இந்த அம்பதாயிரம் ஏது? அதுக்கு ரெண்டாயிரமா? எனக்கு எடம் போனாப் போவட்டும். திரும்ப வெயில்ல ஒக்காந்துக்கறேன்."

சொல்லிவிட்டுப் பையை இடது தோளில் மாட்டிக்கொண்டு நடக்க ஆரம்பித்தாள்.

லமீஸ் அழுதுவிட்டாள். "நான் தப்பா ஒண்ணும் சொல்லல தீபாக்கா" என்றாள். பாவம், தப்பாகச் சொன்னது அவள் இல்லை. கையைத் தட்டிக் குதித்த என்னைத்தான் சொல்ல வேண்டும். மீதி வராத கணக்கைப் பார்த்த சந்தோஷத்தில் அந்தக் கொப்புளம் போட்ட கைகள் என் கண்ணிலேயே படவில்லை.

ஆனால் அசந்து உட்காருகிற ஆள் நான் இல்லை.

"நில்லுக்கா!" என்று கத்தினேன். "பணம் என் அக்கவுண்ட்ல இருக்குது. நான் அனுப்பினாத்தான் யாருக்கும் போவும். இப்ப சொல்றேன், எல்லாரும் கேட்டுக்கோங்க. போட்டி நடந்த அன்னிக்கு ஏறுன நாலு பேருக்கும் முழுப் பங்கு. கைய ஒடச்சிக்கற வரைக்கும் நம்மளோட வலிச்சிப் பழகுன வீராயிக்காவுக்கும் முழுப் பங்கு. ஓட்டுக்கு ஒண்ணு. ஆறாப் பிரிக்கப் போறேன். யாருக்கு ஆகலையோ இப்பவே சொல்லிடுங்க."

சுவேதா மனசுக்குள் கணக்குப் போட்டாள். "ஆயிரத்து அறுநூத்துச் சொச்சம் கொறையுது அண்ணி" என்றாள்.

"கொறையட்டும். எனக்கும்தான் கொறையுது."

"நான் வேணாம்னா சொன்னேன்? கொறையுதுன்னு சொன்னேன். போடு அண்ணி. மோதிரம் எங்கயும் ஓடிப் போவாது."

எல்லோரும் மாமனாரைப் பார்த்தோம். முறை என்று பேசினவர் அவர்தான். ஊர்ப் போட்டுக்காரர்கள் நாளைக்கு அவரைத்தான் கேட்பார்கள், பதில் ஆளுக்கும் முழுப் பங்கு கொடுத்தாயா, இனி எங்கள் ஆட்களும் கேட்பார்களே என்று. அவர் சரியென்று சொல்லாமல் நான் அனுப்பிவிட்டால் அந்த வீட்டில் எனக்கும் அவருக்கும் பேச்சு அறுந்துவிடும். அது எனக்குத் தெரிந்துதான் இருந்தது. விரல் மட்டும் போன் மேலேயே இருந்தது.

அவர் லமீஸைப் பார்த்தார். "ஏம்மா, கைய நீட்டு."

அவள் பயந்துகொண்டே நீட்டினாள். கொப்புளம் உடைந்து, தோல் உரிந்து, சிவந்து கிடந்தது.

"ரெண்டாயிரத்த வாங்கினு நீ டவுனுக்குப் போனா, உங்க அத்தா இந்தக் கையப் பாத்துட்டு என்னா கேப்பாரு? எவன் போட்டுல ஏறுன, கூலி இவ்வளவுதான் குடுத்தானான்னு கேக்க மாட்டாரு?" சட்டென்று குரல் உயர்ந்தது. "என் போட்டுல கால் ஆளு, அர ஆளுன்னு யாரும் ஏறுனது கெடையாது! மீனுக்குச் சொன்ன மொறய இதுக்கு இழுத்தது என் தப்பு. மீனு நாளைக்கும் வரும். இது வருமா? ஆறாப் போடு தீபா. எவன் வந்து கேக்கறானோ நான் பேசிக்கறேன்."

எனக்கு அந்த மனிதரின் காலில் விழ வேண்டும் போல இருந்தது. விழவில்லை. அப்புறம் அதையே பத்து வருஷம் சொல்லிக்காட்டுவார்.

ஆறாகப் பிரித்தேன். எட்டாயிரத்து முந்நூற்று முப்பத்து மூன்று. சுவேதா, அபி, லமீஸ், மாமனாருக்காக என் வீட்டுக்காரர், எல்லோருக்கும் வரிசையாக அனுப்பினேன். கடைசியாக வீராயிக்கா. அவள் இன்னும் கொட்டகைக்கு வெளியே வெயிலில்தான் நின்றுகொண்டிருந்தாள். வருவதா போவதா என்று அவளுக்கே தெரியவில்லை போல. அப்போது அவளுடைய பைக்குள்ளிருந்து ஒரு பெண் குரல் கணீரென்று ஒலித்தது. "ரூபாய் எட்டாயிரத்து முந்நூற்று முப்பத்து மூன்று பெறப்பட்டது."

மார்க்கெட்டில் பணம் வந்தால் அறிவிக்கிற சின்னப் பெட்டி. திருடு போய்விடும் என்று எங்கே போனாலும் பையிலேயே வைத்திருப்பாள். அணைக்கவும் தெரியாது. வீராயிக்கா பையை மார்போடு அணைத்துக்கொண்டு ஓவென்று அழுதாள். கை உடைந்த அன்று கூட அவள் அப்படி அழவில்லை. அபி ஓடிப்போய் நிழலுக்கு இழுத்து வந்தாள்.

"ரெண்டு ரூவா மீதி வருது போல இருக்குதே" என்றார் மாமனார். கணக்கு தெரியாதவர் மாதிரி இருப்பார், எல்லாம் தெரியும்.

"அது கணக்குப் போட்டவளுக்கு" என்றேன். அதையும் விட்டுக்கொடுக்க நான் என்ன ஏமாளியா?

திங்கட்கிழமை காலையிலேயே வீராயிக்கா வாடகையைக் கட்டிவிட்டாள். புதன்கிழமை சாப்பாட்டு நேரத்தில் நானும் லமீஸும் கடையிலிருந்து நடந்தே மார்க்கெட்டுக்குப் போனோம். உள்ளே, நிழலில், குழாய்க்குப் பக்கத்தில் வீராயிக்கா உட்கார்ந்திருந்தாள். வெட்டிக் கொடுக்க ஒரு பெண்ணைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு, இடது கையால் தராசைப் பிடித்து, நாலு பேரோடு ஒரே நேரத்தில் சண்டை போட்டுக்கொண்டிருந்தாள். கேட்கவே காது குளிர்ந்தது.

லமீஸ் ஒரு கிலோ சங்கரா எடுத்தாள். "எவ்வளவுக்கா?"

"நானூறு."

"அய்யோ அக்கா, முந்நூறு போட்டுக்க. நான் நம்ம போட்டு ஆளுதானே?"

வீராயிக்கா தராசைக் கீழே வைத்தாள். லமீஸை மேலும் கீழுமாக ஒரு பார்வை பார்த்தாள்.

"முழுப் பங்கு வாங்குன இல்ல?" என்றாள். "முழு வெலயக் குடு."

லமீஸ் சிரித்துக்கொண்டே நானூறையும் எண்ணிக் கொடுத்தாள்.